பூட்டிய வீட்டுக்குக் கொடுத்த மெமோ

தாம்பரத்தில் அந்த அரசு அலுவலகத்தில் மெமோ வாங்கியவர்கள் எல்லோரும் முதலில் பார்த்த முகம் அப்பாதுரையின் முகம்தான். பியூன் வேலையில் சேர்ந்து இருபத்தொன்பது வருஷம். சேலையூர், பொத்தேரி, முடிச்சூர் என்று சைக்கிள் மிதித்துப் போய், குற்றச்சாட்டு மெமோவைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கி வருவது அவர் பொறுப்பு. அழுதவர்கள் உண்டு, திட்டியவர்கள் உண்டு, ஒருத்தர் நாயையே அவிழ்த்து விட்டார். மனிதர் அசரமாட்டார். வீடு பூட்டியிருந்தால் மெமோவைக் கதவில் ஒட்டி, அக்கம்பக்கத்தார் இரண்டு பேரிடம் கையெழுத்து வாங்க வேண்டும். அதற்காகப் பையில் எப்போதும் ஒரு கோந்து பாட்டில் இருக்கும்.

அப்பேர்ப்பட்ட அப்பாதுரைதான் 2004 மார்ச்சில், ஒரு விசாரணையில் சாட்சி நாற்காலியில் உட்கார்ந்து வேர்த்து வழிந்துகொண்டிருந்தார்.

விவகாரம் இதுதான். அலுவலகத்தில் ஒரு கோப்பு காணாமல் போனது. பழி இளநிலை உதவியாளர் துர்காவின் தலையில் விழுந்தது. பதினைந்து நாளுக்குள் பதில் தரச் சொல்லும் மெமோவோடு நவம்பரில் அப்பாதுரை முடிச்சூருக்குப் போனார். சுற்றிலும் கல் நட்ட மனைகள். நடுவில் துர்காவின் வீடு மட்டும் தனியாக நின்றது. கதவில் பூட்டு. பிரசவ லீவில் அவள் கோவளத்தில் அம்மா வீட்டுக்குப் போயிருந்தாள். கையெழுத்துப் போட அக்கம்பக்கம் என்று ஒன்று இருந்தால்தானே! அரை மணி நேரம் நின்றதில் ஒரு எருமை மட்டும் வந்து பார்த்துவிட்டுப் போனது.

திரும்பி வந்து சொன்னதும், கண்காணிப்பாளர் சத்யநாராயணன் தன் அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார்.

"எத்தனை தடவைப்பா போவே? வாங்க மறுத்துட்டாங்கன்னு எழுதிடு. அதுக்கு உன் கையெழுத்தே போதும்."

அப்பாதுரை எழுதினார். பூசி மெழுகாமல் சொல்லிவிட வேண்டும்: யாரும் கையைப் பிடித்து எழுதவைக்கவில்லை. கால் வலித்தது, மறுபடியும் அவ்வளவு தூரம் மிதிக்க அலுப்பாக இருந்தது, எழுதிவிட்டார். அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு, துர்கா இல்லாமலே விசாரணையை நடத்தி முடித்தார்கள். லீவு முடிந்து வந்தவள் கையில் சஸ்பெண்ட் ஆணையைக் கொடுத்தார்கள். அடுத்தது வேலைநீக்கம்தான். கோப்பு கடைசியாக யார் மேஜையில் இருந்தது என்று கேட்கக்கூட அவளுக்கு வாய்ப்புக் கிடைக்கவில்லை. எனக்கு மெமோ வரவே இல்லை என்று அவள் மேலிடத்தில் முறையிட்ட பிறகுதான், அதைக் கொண்டுபோனவரைக் கூப்பிட்டு விசாரிக்க உத்தரவு வந்தது.

அன்று காலை மாடிப்படியில் சத்யநாராயணன் அப்பாதுரையின் தோளில் கை போட்டார். இத்தனை வருஷத்தில் முதல் தடவை.

"உனக்கு இன்னும் எட்டு மாசம்தானே சர்வீஸ்? ரிட்டயர் ஆகிற அன்னிக்கு சஸ்பெண்ட் ஆகி, பென்ஷன் இல்லாம அலையறவங்களை நீயே பார்த்திருக்கே. எழுதினதை அப்படியே சொல்லிட்டுப் போயிடு."

பார்த்திருக்கிறார். அந்த ஆணைகளைக் கொண்டுபோய்க் கொடுத்ததே அவர்தான்.

விசாரணை அதிகாரி ராஜகோபாலன் செங்கல்பட்டிலிருந்து வந்தவர். அலுவலகத் தரப்பில் சத்யநாராயணன் உட்கார்ந்திருந்தார். "கேளுங்கம்மா" என்றார் ராஜகோபாலன்.

துர்கா எழுந்தாள்.

"அண்ணா, மெமோவை வாங்கமாட்டேன்னு நான் உங்ககிட்ட சொன்னேனா?"

அப்பாதுரை சத்யநாராயணனைப் பார்த்தார். அவர் பேனா மூடியைத் திருகிக்கொண்டே இருந்தார். முத்தாலம்மாளின் முகம் ஞாபகம் வந்தது. பென்ஷனை நம்பி வீட்டில் உட்கார்ந்திருக்கிற பெண்டாட்டி.

"இல்லம்மா."

"பின்னே என்ன சொன்னேன்?"

"நீ எங்கம்மா இருந்த, சொல்றதுக்கு? வூடு பூட்டிக்கினு இருந்துச்சி. சார், நான் எழுதினது பொய் சார். சூப்ரண்டு சார் எழுதச் சொன்னாரு, எழுதிட்டேன். என் மேலயும் தப்பு கீது."

"யோவ், யார்யா சொன்னது?" சத்யநாராயணன் துள்ளி எழுந்தார்.

"உட்காருங்க சார். அவர் சொல்றது முழுசாப் பதிவாகட்டும்" என்றார் ராஜகோபாலன்.

துர்காவுக்குப் புதிதாக மெமோ கொடுத்து முதலிலிருந்து விசாரிக்க வேண்டும் என்று ஆணை வந்தது. கூடவே அப்பாதுரைக்கும் ஒரு மெமோ தயாரானது. பொய் அறிக்கை கொடுத்த குற்றம். அந்தப் பொய்யை எழுதச் சொன்னவரைப் பற்றி அதில் ஒரு வார்த்தை இல்லை. எப்படி இருக்கும்? மெமோவைத் தயாரித்ததே அவர்தானே!

மெமோ கொடுத்துவர அந்த அலுவலகத்தில் வேறு ஆள் கிடையாது. ஆகவே இரண்டையும் தபால் நோட்டில் பதிந்து அப்பாதுரையிடமே நீட்டினார் சத்யநாராயணன். அப்பாதுரை மேஜையோரம் நின்று, கொண்டுபோனவர் இடத்தில் ஒரு கையெழுத்தும் பெற்றவர் இடத்தில் ஒரு கையெழுத்தும் போட்டார். தேதி, மணி எல்லாம் ஒன்று விடாமல் எழுதினார்.

"பதினஞ்சு நாள் டைம் கீதுல்ல சார்?"

"இருக்கு." சத்யநாராயணன் நிமிரவில்லை.

"என் பக்கம் சாட்சி யாருன்னு எழுதிக் குடுக்கலாமாமே, துர்காம்மா சொல்லிச்சி. உங்க பேரத்தான் எழுதப் போறேன். அன்னிக்கு இந்த ரூம்ல நாம ரெண்டு பேருதான சார் இருந்தோம்?"

சத்யநாராயணன் நிமிர்ந்து பார்த்தபோது, அப்பாதுரை துர்காவின் மெமோவையும் கோந்து பாட்டிலையும் பையில் போட்டுக்கொண்டு முடிச்சூருக்குக் கிளம்பியிருந்தார்.