ட்ரம்மர் டெரிக்கு நாங்கள் எழுதிய மரண அறிவித்தல்

டெரி போய்விட்டார்.

இத்தாலியின் பலெர்மோ நகரத்தில், போர்கோ வெக்கியோ பகுதியில் நான் வேலை செய்யும் ரெஸ்டோரண்டில் பாத்திரம் கழுவிய வெள்ளைக்காரர். அதற்கு முன்னால், இங்கிலாந்தின் ஹல் நகரத்து 'டியூஸ்டே ஃபெரி' என்ற ராக் பாண்டின் ட்ரம்மர்.

வேலைக்கு வரவில்லையே என்று முதலாளி ஆள் அனுப்பிப் பார்த்தார்... நித்திரையிலேயே போயிருக்கிறார்.

உண்மையைச் சொன்னால் அவர்களுடைய பாட்டு எனக்குப் பிடிக்காது. யாரோ மழையில் பஸ்ஸைத் தவறவிட்டுவிட்டுப் புலம்புவது போல இருக்கும். ஆனால் டெரி அந்த பாண்டின் கதையைச் சொல்லும்போது கேட்டுக்கொண்டே இருக்கலாம்.

நாலு பேரும் ஒரே பள்ளிக்கூடம். ஒரு மீன்கடையின் பின்னறையில் வாசித்துப் பழகினார்கள். ஒரு பாட்டு ரேடியோவில் நன்றாக ஓடியது. சேற்றுக்குள் நின்று ஆடும் ஃபெஸ்டிவல்களில் எல்லாம் வாசித்தார்கள். இரண்டாவது ஆல்பம் படுத்துவிட்டது. கம்பெனி கைவிட்டது. பிறகு ஒரு பழைய வேனில் ஊர் ஊராக... டெரிதான் ட்ரம்மர், டெரிதான் டிரைவர்.

கடைசி டூர் முடிந்தது இங்கே பலெர்மோவில். கபோ சந்தைக்குக் கிட்ட ஒரு சின்ன இடம். பாடகர் சைமன் மேடையிலேயே மைக்கைப் பிடித்து, இதுதான் எங்கள் கடைசி நிகழ்ச்சி என்று அறிவித்துவிட்டாராம்.

பின்னால் இருந்த ட்ரம்மருக்கும் அப்போதுதான் தெரியும்.

அடுத்த நாள் வேன் சாவியைச் சைமனின் கையில் கொடுத்துவிட்டு டெரி இங்கேயே நின்றுவிட்டார். அதற்குப் பிறகு இரண்டு பேரும் பேசவே இல்லை.

ட்ரம்மர் என்றால் சட்டி பானையில் தட்டிக்கொண்டிருப்பார் என்றுதான் நாங்கள் நினைத்தோம். அந்த சமையலறையிலேயே சத்தமில்லாத ஆள் அவர்தான். காதுக்குள் எந்நேரமும் ஒரு இரைச்சல் இருக்கிறது, அது போதும் என்பார்.

ஒருநாள் சாப்பிட வந்த இங்கிலீஷ்காரர்கள் அவரை அடையாளம் கண்டுவிட்டார்கள். ஏப்ரனோடு நிற்க வைத்துப் படம் எடுத்தார்கள். சைமனோடு இன்னும் பேசுவீர்களா என்று கேட்டார்கள். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் பேசுவோம் என்று சிரித்துக்கொண்டே சொன்னார்.

உள்ளே வந்து நெடுநேரம் ஒரே தட்டைக் கழுவிக்கொண்டிருந்தார்.

சாந்தா ரொசாலியா என்ற புனிதையின் கோயில் இருக்கும் மலைக்கு எங்கள் தமிழ் ஆட்களோடு ஒருமுறை நடந்து வந்தார். சைவம், கிறிஸ்தவம் என்று பார்க்காமல் எல்லோரும் வேண்டுதலோடு போகிற மலை. என்ன கேட்டீர்கள் என்று இறங்கும்போது விசாரித்தேன். நாங்கள் பேசுவது உடைந்த இத்தாலியனில். இங்கே என் தமிழில் எழுதுகிறேன்.

"சைமன் எனக்கு போன் எடுத்துக் கதைக்கோணும் எண்டு கேட்டனான்."

"நீங்கள் அவருக்கு எடுங்கோவன்."

"மேடையிலை சொன்னவன் அவன். அவன்தான் எடுக்கோணும்."

பிடிவாதம்... சரியான பிடிவாதம். எனக்குக் கோபமே வந்தது.

எங்கள் ஆட்களுக்குச் சாவு என்றால் முதலில் மரண அறிவித்தல். பலெர்மோவில் எல்லோருக்கும் அதை எழுதுகிறவர் றெஜி அண்ணை. இன்னாரின் அன்பு மகனும், இன்னாரின் பாசமிகு மைத்துனரும் என்று உறவுகள் வரிசையாக வந்தால்தான் அவருக்கு அது அறிவித்தல்.

"தாய் தேப்பன்ரை பேர் என்ன?"

"தெரியாது அண்ணை."

"சகோதரங்கள்?"

"தெரியாது. அந்த பாண்ட்காரரைப் பற்றித்தான் எப்பவும் கதைப்பார்."

"அப்ப அவையின்ரை பேரைச் சொல்லு. வெறுமையா விடேலாது."

'இங்கிலாந்து ஹல்லைப் பிறப்பிடமாகவும் பலெர்மோவை வதிவிடமாகவும் கொண்ட, டியூஸ்டே ஃபெரி புகழ் டெரி அவர்கள்... சைமன், பீட், ஆலன் ஆகியோரின் அன்புச் சகோதரர்...'

கூடப் பிறந்தவர்கள் இல்லையே அண்ணை என்று நான் சொல்லி முடிக்கும் முன்பே அது வாட்ஸ்அப்பில் போய்விட்டது.

பாண்டின் பழைய பேஸ்புக் பக்கத்துக்கும் எழுதினேன். ஒருவரும் திறந்துகூடப் பார்க்கவில்லை. அடக்கத்தைக் கொஞ்சம் தள்ளிவைக்கலாமா என்று நகரசபை அலுவலகத்தில் கேட்டேன். நீங்கள் உறவினரா என்றார்கள். இல்லை என்றதும் முடியாது என்றுவிட்டார்கள்.

இன்று காலை அடக்கம் செய்தோம். ஃபாதர், முதலாளி, சமையலறை ஆட்கள், எங்கள் தமிழ்ச் சனம் கொஞ்சம். அவ்வளவுதான்.

திரும்பி பஸ்ஸில் வரும்போது இங்கிலாந்து நம்பரில் இருந்து போன். ஹல்லில் கடை வைத்திருக்கும் நம்மவர் ஒருவர். முன்பின் தெரியாதவர்.

"அண்ணை, அறிவித்தலிலை உங்கடை நம்பர் கிடந்துது. இதிலை பேர் போட்டிருக்கிற சைமன் எங்கடை கடைக்குப் பால் வாங்க வாறவர். இப்ப இஞ்சைதான் நிக்கிறார்."

மற்றக் காதைக் கையால் பொத்திக்கொண்டேன்.

"படத்தைக் காட்டினன். என்ன எழுதிக் கிடக்கு எண்டு கேட்டவர், நான் ஒவ்வொரு வரியா இங்கிலீஷிலை சொன்னனான். அன்புச் சகோதரர் எண்ட இடத்தைத் திரும்பச் சொல்லச் சொன்னார். டெரியோ அப்பிடிச் சொன்னவர் எண்டு கேக்கிறார்."

வெறுமையாக விட முடியாதென்று றெஜி அண்ணை போட்டது என்றா சொல்வது?

"ஓம், சொன்னவர் எண்டு சொல்லுங்கோ."

அந்தப் பக்கம் இங்கிலீஷில் ஏதோ பேச்சு. பிறகு கடைக்காரர் குரலைத் தணித்துக்கொண்டு வந்தார்.

"அண்ணை... கடைசியிலை அடக்கத்தின்ரை நேரம் கிடக்கு, இண்டைக்குக் காலமை எண்டு. அதை நான் இன்னும் வாசிக்கேல்லை. இவர் பலெர்மோவுக்கு ரிக்கெற் பாத்துக்கொண்டு நிக்கிறார். நான் என்ன செய்ய?"

பஸ்ஸில் எல்லோரும் என்னையே பார்த்தார்கள்.

"வாசியுங்கோ தம்பி" என்றேன்.

அவர் வாசித்தார். நான் போனைக் காதில் வைத்துக்கொண்டே இருந்தேன். பால் போத்தல் ஒன்றை மேசையில் வைக்கிற சத்தம் கேட்டது.

போயிட்டு வாங்கோ, டெரி.