களவா வயிற்றில் பார்த்தது

பவளப்பாறையில் வேட்டையாடும் மீன்களைப் பற்றி இரண்டு வருஷம் ஆராய்ச்சி செய்தவன் நான். பவளப்பாறையை ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. நீச்சலும் தெரியாது. முதல் நாள் கடலூர் துறைமுகத்தில் ஃபைபர் படகில் ஏறி, முகத்துவாரம் தாண்டுவதற்குள் காலையில் தின்ற பொங்கலைக் கடலுக்குப் படைத்துவிட்டேன். படகோட்டி இன்ஜினை நிறுத்திவிட்டு, "சாருக்கு மீனு பாக்க ஆசையா, மீனுக்குச் சோறு போட ஆசையா?" என்று கேட்டார். அன்று சாயங்காலமே எங்கள் பேராசிரியர் எனக்குக் கரை வேலை ஒதுக்கினார். மற்றவர்கள் கடலுக்குப் போய் மீன் எங்கே இருக்கிறது என்று பார்ப்பார்கள். நான் கரையில் உட்கார்ந்து மீனுக்குள் என்ன இருக்கிறது என்று பார்க்க வேண்டும்.

அதாவது, குடல். தினமும் அண்ணாமலை நகர் லாட்ஜிலிருந்து கிளம்பி, சிதம்பரத்தில் பஸ் பிடித்து, கடலூர் முதுநகரில் இறங்குவேன். துறைமுகத்துச் சந்தையில் களவா மீன்களின் வயிற்றைத் திறந்து, என்ன தின்றிருக்கிறது என்று நோட்டில் எழுதுவேன். தின்ற பொருளை, கெடாமலிருக்க ஃபார்மலின் ஊற்றிய பிளாஸ்டிக் வாளியில் போட்டு எடுத்து வருவேன். கண்டக்டர் என்னைப் பார்த்ததும், "வாளி சார் ஏறிட்டாரு, ஜன்னலெல்லாம் தொறங்க" என்று அறிவித்த பிறகுதான் விசில் அடிப்பார். என் பக்கத்து சீட் எப்போதும் காலி. சிதம்பரம் ரூட்டில் அவ்வளவு வசதியாகப் பயணம் செய்தவன் அந்தக் காலத்தில் நான் ஒருவன்தான்.

களவாவுக்குத் துரத்தி ஓடுகிற பழக்கமெல்லாம் கிடையாது. பாறை இடுக்கில் அசையாமல் கிடக்கும். எதிரில் ஏதாவது வந்தால் வாயைத் திறக்கும். தண்ணீரோடு இரையும் உள்ளே போய்விடும். என் லாட்ஜ் வாழ்க்கையும் ஏறக்குறைய அப்படித்தான் இருந்தது. மெல்லாமல் விழுங்குவதால், வயிற்றைத் திறந்தால் நண்டு நண்டாகவே இருக்கும். ஆனால் ஆழத்திலிருந்து இழுக்கும்போது வயிறு வாய் வழியே பிதுங்கி, தின்றதைப் பாதி மீன்கள் கக்கிவிடும். அதற்கு நோட்டில் 'காலி' என்று எழுத வேண்டும். சோம்பலான நாட்களில் திறக்காமலே 'காலி' எழுதியதும் உண்டு. மீன் வந்து சாட்சி சொல்லப் போவதில்லை.

எங்கள் கரையில் பவளப்பாறை கிடையாது. தெற்கே மண்டபம் ஊரிலிருந்து ஐஸ் பெட்டியில் வரும் களவாவும், உள்ளூர்ப் படகுகள் தூரத்துப் பாறைத் திட்டுகளில் தூண்டில் போட்டுப் பிடிக்கும் களவாவும் சந்தையில் பக்கம் பக்கமாகக் கிடக்கும். விற்கும் முன் வயிற்றைக் கிழிக்க யாரும் விடவில்லை. அதனால் வாங்கியவர்களுக்கு மீன் வெட்டிக் கொடுக்கும் ஓர் அக்காவிடம் போய் நின்றேன். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர்.

"அக்கா, அந்தக் கொடலு எனக்கு வேணும்."

"ஏன், வூட்டுல பூன வளக்கறீங்களா?"

"இல்லக்கா, படிக்கறதுக்கு."

"கொடலப் படிக்கறீங்களா!" அரிவாள்மனையிலிருந்து கையை எடுத்துவிட்டுச் சிரித்தார். "எங்கூட்டுக்காரரு பேப்பரே படிக்க மாட்டாரு."

அன்றிலிருந்து நான் கொடலு சார். சந்தை முழுக்க அந்தப் பெயர்தான். நான் வர நேரமானால் அக்கா குடல்களைத் தனித்தனிப் பையில் கட்டி வைத்திருப்பார். அவருடைய வீட்டுக்காரர் சில நாள் கரையில் வலையை உதறிக்கொண்டே, "என்ன சாரே, இன்னிக்கு எத்தினி பக்கம் படிச்சீங்க?" என்று கத்துவார். இடுப்பில் கறுப்பு அரைஞாண் கயிறும் அதில் ஒரு தாயத்தும் தெரியும். அவரைப் பற்றி எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

2008 கார்த்திகைப் புயலின்போது, அவரையும் சேர்த்து நான்கு பேர் போன படகு திரும்பவில்லை. புயல் ஓய்ந்த பிறகு படகு மட்டும் தெற்கே கவிழ்ந்து கிடந்தது. அடுத்த சில நாட்களில் மூன்று உடல்கள் வெவ்வேறு ஊர்க் கரைகளில் ஒதுங்கின. அவருடையது மட்டும் ஒதுங்கவே இல்லை. கொஞ்ச நாள் சந்தையில் பெரிய மீன் விற்கவில்லை. நான்கு வருஷத்துக்கு முன் சுனாமி வந்தபோதும் அப்படித்தான் இருந்ததாம். காரணத்தை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை, நெத்திலி வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள்.

மற்ற மூன்று வீடுகளிலும் கருமாதி முடிந்தது. அக்கா மட்டும் மாட்டேன் என்றுவிட்டார். உடம்பையோ, அவர் உடம்பில் கிடந்த ஏதாவது ஒன்றையோ கண்ணால் பார்க்காமல் தாலியைக் கழற்ற முடியாது என்றார். பொட்டோடும் பூவில்லாமலும் வந்து மீன் வெட்டினார். வீட்டில் இன்னொரு சங்கடம் இருந்தது. அவருடைய நாத்தனாருக்குத் தை மாசம் கல்யாணம் பேசியிருந்தார்கள். மாப்பிள்ளை வீட்டார், 'மூத்தவர் இருக்காரா இல்லையா, ஒண்ணு சொல்லுங்க, அப்புறம் பந்தக்கால் நடலாம்' என்று நின்றார்கள்.

அந்த நாட்களில்தான் அக்கா கேட்க ஆரம்பித்தார். நான் வயிற்றைத் திறந்ததும், "உள்ள என்ன சார்?" என்பார். துக்கத்தை மறக்க விஞ்ஞானத்தில் இறங்கிவிட்டார் என்று நான் முடிவு செய்தேன். எனக்கு ஒரே பெருமை. அதுவரை என் ஆராய்ச்சியைப் பற்றி யாரும் ஒரு கேள்வி கேட்டதில்லை, பேராசிரியர் உட்பட. நண்டின் காலை இடுக்கியில் தூக்கிப் பிடித்து வகுப்பு எடுத்தேன். லாட்ஜிலிருந்து பூதக்கண்ணாடி வேறு கொண்டுவந்து கொடுத்தேன். அவர் வாங்கிப் பக்கத்தில் வைத்துக்கொண்டார்.

ஒரு வாரம் கழித்துத்தான் எனக்கு ஒன்று உறைத்தது. மண்டபத்து மீனைத் திறக்கும்போது அவர் கேட்பதே இல்லை. உள்ளூர்ப் படகு மீனுக்கு மட்டும்தான் கேட்டார்.

பூதக்கண்ணாடியை என்ன செய்வதென்று தெரியாமல் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டேன். "அக்கா, களவா மனுஷனத் திங்காதுக்கா. அது வாய்க்கு அடங்கறதத்தான் முழுங்கும்" என்றேன்.

"எனக்குத் தெரியாதா சார்? களவா நண்டத் திங்கும்." அரிவாள்மனையில் ஒட்டியிருந்த செதிலை விரலால் வழித்துப் போட்டார். "நண்டு எதத் திங்குமுன்னு எழுதி வெச்சிருக்கீங்களா?"

எழுதவில்லை. அன்றைக்குப் பிறகு எந்த மீனையும் திறக்காமல் 'காலி' எழுத எனக்குக் கை வரவில்லை. என் இரண்டு வருஷ நோட்டில் ஒழுங்காக எழுதப்பட்ட பகுதி அது ஒன்றுதான்.

மார்கழி நடுவில் அவருடைய கொழுந்தனார் என்னைச் சந்தைக்கு வெளியே டீக்கடைக்குக் கூட்டிப்போனார். வீட்டுக்காரரின் தம்பி, அவரும் படகுக்காரர்தான். டீ வந்ததும் சட்டைப் பையிலிருந்து ஒரு பேப்பர் பொட்டலத்தை எடுத்து என் கையில் வைத்தார். பிரித்தேன். கறுப்புக் கயிறு, தாயத்து.

"அண்ணனுது மாதிரியே கோயில் வாசல்ல வாங்குனேன். களவா வயித்துல இருந்துச்சின்னு நீங்க எடுத்துக் காட்டணும் சார். நீங்க காட்டுனா அண்ணி நம்புவாங்க."

"என்னப் பொய் சொல்லச் சொல்றீங்களா?"

"எங்கண்ணன் செத்துட்டாரு சார், அது நெசம். சாமான் மட்டுந்தான் டூப்ளிகேட்டு." சொல்லிவிட்டு அவரே முகத்தைத் துடைத்துக்கொண்டார். "தங்கச்சி கல்யாணம் நின்னுடும் சார். அண்ணியும் இப்படியே குந்திகினு கெடந்தா பைத்தியம் புடிச்சிக்கும்."

டீயைக் குடித்துவிட்டேன். வேறு யார் வாங்கிக் கொடுத்த டீயும் எனக்கு அவ்வளவு நாள் நாக்கில் நின்றதில்லை.

கயிறு புதுசாக மினுமினுத்தது. விஞ்ஞானி அல்லவா, முறையாகச் செய்தேன். லாட்ஜில் ஒரு மக்கில் மீன் குடலைப் போட்டு அதில் ஊற வைத்தேன். ரூம்மேட் மூக்கைப் பிடித்துக்கொண்டு, "மச்சான், அதுலதான்டா நான் குளிக்கறேன்" என்று கதறினான். மூன்றாவது நாள் எடுத்துத் துடைத்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு பஸ் ஏறினேன். ஜன்னல் கண்ணாடியைப் பார்த்து ஆச்சரியப்படுவதற்குப் பழகினேன். கண்டக்டர் குனிந்து, "இன்னா சார், வயிறு சரியில்லியா?" என்றார்.

அன்று ஓர் உள்ளூர்க் களவா வந்தது. பெரியது. அக்கா வெட்டிக் குடலைத் தள்ளினார். நான் முதுகைக் காட்டித் திரும்பி, வயிற்றைக் கிழித்து, கயிற்றை உள்ளே நுழைக்கப் பார்த்தேன். அவசரத்தில் தாயத்து வாளியின் பிடிக் கம்பியில் 'டிங்' என்று பட்டது. அப்படியும் விடாமல் நுழைத்துவிட்டுத் திரும்பி, பஸ்ஸில் பழகிய முகத்தோடு, "அக்கா, இங்க பாருங்க" என்றேன்.

அவர் எழுந்து வந்து இரண்டு விரலால் அதை இழுத்தார். பக்கத்து வாளித் தண்ணீரில் அலசினார். வெளிச்சத்தில் பிடித்து முடிச்சைப் பார்த்தார். நிறைய நேரம் பார்த்தார். வரிசையில் நின்ற ஒரு அம்மா, "என் மீன எப்பம்மா வெட்டுவ?" என்று சத்தம் போட்டார்.

"அவருக்கு நாந்தான் கட்டிவுட்டேன். இது கடக்காரன் போட்ட முடிச்சி" என்றார் அக்கா, எனக்கு மட்டும் கேட்கும்படி. "யாரு குடுத்தது? கொழுந்தனாரா?"

தலையாட்டினேன்.

"எத்தினி நாளா வெச்சிருந்தீங்க?"

"மூணு நாள்."

"மூணு நாளா எங்கிட்ட சிரிச்சிப் பேசுனீங்களே சார்."

நான் சிரிக்கவில்லை என்று சொல்ல நினைத்தேன். என் முகத்துக்கு அப்படி ஒரு அமைப்பு, அழுதாலும் யாரும் நம்பமாட்டார்கள்.

அவர் கயிற்றை முந்தானையில் முடிந்துகொண்டார். "போயிச் சொல்லுங்க. கெடச்சிதுன்னு சொல்லுங்க. நான் பாத்தேன், அவுருதுதான்னு சொன்னேன்னு சொல்லுங்க."

"அக்கா…"

"அந்தப் பொண்ணு என்ன பண்ணுச்சி பாவம்? அது ஏன் எனக்காக ஒக்காந்திருக்கணும்?" திரும்பிப் போய் அரிவாள்மனை முன்னால் உட்கார்ந்தார். "குடும்மா ஒன் மீன" என்றார் அந்த அம்மாவிடம்.

நான் போய்ச் சொன்னேன்.

கருமாதி கடற்கரையில் நடந்தது. போகாமல் இருந்திருக்கலாம், சாட்சி என்று கூப்பிட்டுவிட்டார்கள். ஊர்ப் பெரியவர் ஒருவர் எல்லார் முன்னாலும், "சார், நீங்க உங்க கண்ணால பாத்தீங்களா?" என்று கேட்டார். "பார்த்தேன்" என்றேன். படித்தவன் சொல்லிவிட்டான் என்று கூட்டம் அமைதியானது. என் வாழ்க்கையில் நான் சொன்னதை அத்தனை பேர் ஒரே நேரத்தில் நம்பியது அந்த ஒரு தடவைதான். தாலியைக் கழற்றும்போது என் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றேன். இடது செருப்பின் வார் அறுந்து ஊக்குப் போட்டிருந்தது. அது இன்றும் ஞாபகம் இருக்கிறது.

அந்த மீனுக்கு நோட்டில் என்ன எழுதுவதென்று லாட்ஜில் உட்கார்ந்து வெகுநேரம் யோசித்தேன். 'காலி' என்று எழுதினேன். உண்மையில் அது காலிதான்.

தை மாதம் நாத்தனார் கல்யாணம் நடந்தது. அக்கா கல்யாண மண்டபத்தின் உள்ளே வரவில்லை, பின்கட்டில் காய் நறுக்கினார் என்று கொழுந்தனார் சொன்னார். அதன் பிறகு பத்து நாள் நான் சந்தைக்குப் போகவில்லை. பேராசிரியரிடம் காய்ச்சல் என்றேன். பத்தாம் நாள் அவர், "காய்ச்சல் மீனுக்கா உனக்கா?" என்று கேட்ட பிறகு வாளியைத் தூக்கிக்கொண்டு போனேன்.

அக்கா அதே இடத்தில் இருந்தார். நெற்றி வெறுமையாக இருந்தது. நான் போய் நின்றதும் ஒரு பையை நகர்த்தினார். உள்ளூர்ப் படகுக் களவா, இரண்டு குடல். இனிமேல் கேட்க மாட்டார் என்று நினைத்துக்கொண்டே பலகையில் வைத்துக் கிழித்தேன்.

அரிவாள்மனையிலிருந்து கண்ணை எடுக்காமல், "உள்ள என்ன சார்?" என்றார்.

"ஒண்ணுல ரெண்டு நண்டு. இன்னொண்ணு காலிக்கா."

"நல்லா பாத்தீங்களா?"

நான் வயிற்றை உட்புறம் வெளியே வரும்படி திருப்பி, தண்ணீரில் அலசி, மறுபடியும் பார்த்தேன்.