பிடிக்காதவன்தான் முதல் பாடம் நடத்தணும்

அன்று ஞாயிற்றுக்கிழமை காலை. பாலவனத்தத்தில் என் வீட்டில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, கல்லூரியில் என்னோடு பாடம் நடத்தும் ஞானராஜைத் தோற்கடித்துக்கொண்டிருந்தேன். அவன் கட்சி கட்டிக்கொண்டு நின்ற புத்தகத்தின் எட்டாம் அத்தியாயத்தில் இருந்த கம்ப்யூட்டர் நிரலை அப்படியே தட்டிப் பார்த்தேன், ஓடவில்லை. எழுத்துக்கு எழுத்து சரிபார்த்து மறுபடியும் தட்டினேன், அப்போதும் ஓடவில்லை. எனக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி மாளாது. திங்கட்கிழமை வரைக்கும் இதை வயிற்றுக்குள் வைத்துக்கொண்டு இருக்க முடியாதென்று போனை எடுக்கப் போனால், அதற்குள் அதுவே அடித்தது. அவன் பெயர்தான் தெரிந்தது. எடுத்த எடுப்பில், "ஏலே, மாட்டுனியா?" என்றேன்.

பேசியது அவன் மனைவி சுகந்தி. "அண்ணே, அவுக எந்திரிக்கவே இல்லண்ணே" என்றார்.

தூக்கத்திலேயே நெஞ்சு நின்றுவிட்டது. டாக்டர் சொன்னது அவ்வளவுதான். எங்களிடம் படித்துவிட்டுச் சென்னையிலும் பெங்களூரிலும் கடல் தாண்டியும் இருக்கிற உங்களில் பலர் கூப்பிட்டு, எப்படி சார், என்ன ஆச்சு சார் என்று கேட்டீர்கள். எனக்கும் அதற்கு மேல் தெரியாது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் திருச்சுழி பஸ்ஸில் ஏறிக்கொண்டே என்னைத் திட்டிவிட்டுப் போனான். உடம்பைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவன் மேல் எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை.

எங்கள் துறைத்தலைவர் கேட்டுக்கொண்டதால், பழைய மாணவர்களான உங்களுக்கு இதை எழுதுகிறேன். இரங்கல் கூட்டத்தில் என்னால் பேச முடியவில்லை. பேசியவர்களில் ஒருவர், ஞானராஜ் சார் ஓர் ஆப்ஜெக்ட், ஆண்டவர் என்கிற கிளாஸிலிருந்து வந்தார், அங்கேயே திரும்பிவிட்டார் என்றார். நீங்கள் எங்களிடம் படித்ததுதான்: கிளாஸ் அச்சு, ஆப்ஜெக்ட் அதில் வார்த்தெடுத்த பொருள். கூட்டம் உருகிப்போய் உட்கார்ந்திருந்தது. எனக்குப் பக்கத்து நாற்காலியைப் பார்க்கத் தோன்றியது. "ஆப்ஜெக்ட் கிளாஸுக்குத் திரும்பிப் போவாதுலே, இவருக்கு மார்க்கு போட்டுறாத" என்று அவன் என் காதைக் கடித்திருப்பான். அந்த நாற்காலியில் யாரோ ஒரு தம்பி கைகட்டி உட்கார்ந்திருந்தார்.

அருப்புக்கோட்டையைத் தாண்டி, தூத்துக்குடி ரோட்டில், கருவேலங்காட்டுக்கு நடுவே இருக்கிற எங்கள் கல்லூரியில் நானும் அவனும் ஒரே வருஷம் வேலைக்குச் சேர்ந்தோம். நான் பலசரக்குக் கடைக் குடும்பம். கல்லாவில் உட்கார மாட்டேன் என்று அப்பாவிடம் மல்லுக்கட்டி வாத்தியார் ஆனவன். அவன் அப்பா வேதக்கோயிலில் உபதேசியார். அவன் காலையில் இட்லி தின்றால் நான் பொங்கல் தின்பேன், அவ்வளவு பொருத்தம். எங்களைச் சேர்த்துக் கட்டியது ஒரு பாடம். பொருள்நோக்கு நிரலாக்கம் என்று பலகையில் எழுதிவிட்டு எல்லோரும் ஊப்ஸ் என்று கூப்பிடுகிற பாடம். கம்ப்யூட்டருக்குச் சொல்ல வேண்டிய வேலையை ஒரே நீளமாக எழுதாமல், ஒவ்வொரு பொறுப்பையும் ஒவ்வொரு பொருளிடம் பிரித்துக் கொடுத்து எழுதுகிற முறை. ஞானராஜ் முதல் நாளே பிள்ளைகளிடம் சொல்வதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள்: "வேலையை ஆளுக்கு ஆளு பிரிச்சுக் குடுங்க. குடுத்தபெறகு அவன் எப்பிடிச் செய்யுறான்னு எட்டிப் பாக்காதீக. அம்புட்டுத்தான்."

பாடத்திட்டம் பல்கலைக்கழகம் கொடுப்பது. அதை எந்தப் புத்தகத்தை வைத்து நடத்துவது என்பது எங்கள் இருவர் பாடு. ஒவ்வொரு கோடையிலும் பதிப்பகத்துக்காரர்கள் மாதிரிப் பிரதிகளைக் கொண்டுவந்து மேசையில் அடுக்கிவிட்டுப் போவார்கள். வேறு ஊரில் இதை அரை மணி நேரத்தில் முடித்துவிடுவார்கள். எங்களுக்குக் கோடை முழுவதும் போதாது. தமிழ் வழியில் படித்துவிட்டு வீரசோழனிலிருந்தும் நரிக்குடிப் பக்கமிருந்தும் முதல் பஸ் பிடித்து வருகிற பிள்ளைகள். புத்தகம் சரியாக அமையாமல் போனால், பிள்ளை அதை மூடி வைத்துவிட்டுக் கடையில் கைடு வாங்கி மனப்பாடம் பண்ணிவிடும். அப்புறம் ஆயுசுக்கும் அந்தப் பாடத்தின் மேல் ஒரு பயம்.

வந்த புதிதில் அப்படி ஒரு தவறான புத்தகத்தை நான்தான் அடம்பிடித்து வாங்க வைத்தேன். எனக்கு அது வேதம். நான் நடத்தினேன், வகுப்பும் தலையை ஆட்டிக்கொண்டுதான் இருந்தது. பருவத்தின் கடைசியில் பார்த்தால் எல்லோர் பையிலும் கைடு. ஞானராஜ் சிரிக்கவில்லை. நிதானமாகச் சொன்னான். "ஒனக்குப் புடிச்ச புஸ்தகத்தை நீயே நடத்துனா, அதுல உள்ள ஓட்டையெல்லாம் ஒன் வாயாலயே அடைச்சிருவலே. பிடிக்காதவன்தான் முதல் பாடம் நடத்தணும். அப்பத்தான் புஸ்தகம் சொந்தக் கால்ல நிக்கிதான்னு தெரியும்."

அன்றிலிருந்து அதுதான் எங்கள் சட்டம். புத்தகத்தை யார் வேண்டாம் என்றானோ அவன் அதைக் கையில் எடுத்துக்கொண்டு முதல் அலகை நடத்த வேண்டும். புத்தகத்தில் இல்லாத விளக்கம் ஒரு வரி கூடச் சொல்லக் கூடாது. வேண்டுமென்ற ஆள் கடைசி பெஞ்சில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். பிள்ளைகளுக்குப் பிடிபட்டால் புத்தகம் தேறியது. இல்லாவிட்டால் மாற்றுப் புத்தகம். இரண்டு சார்களும் ஒரே வகுப்பில் ஏன் இருக்கிறார்கள் என்று நீங்கள் அப்போது முழித்திருப்பீர்கள். காரணம் இதுதான். நான் கடைசி பெஞ்சில் உட்கார்ந்து பல்லைக் கடித்த நாட்கள் அதிகம்.

புத்தகத்தை அளப்பதற்கு அவனுக்கென்று ஒரு வழி இருந்தது. சாயங்காலம் பந்தல்குடி ரோட்டோரக் கடைக்கு டீ குடிக்கப் போகும்போது மாதிரிப் பிரதியையும் அக்குளில் இடுக்கிக்கொண்டு வருவான். ஒரு தடவை, பளபளவென்று அச்சடித்த புத்தகம் ஒன்று வந்திருந்தது. அதில் மேலே மனிதர், அவருக்குக் கீழே ஒரு கிளையில் ஓட்டுநர், இன்னொரு கிளையில் முதலாளி என்று படம் போட்டு, மேலே இருப்பதன் குணம் கீழே இருப்பதற்கும் வருகிற மரபுரிமையை விளக்கியிருந்தார்கள். எனக்குப் பிடித்துப் போயிற்று. எங்களுக்குப் பழக்கமான முத்தையா அண்ணாச்சி லோடு ஏற்றி வந்த லாரியை ஓரங்கட்டிவிட்டு டீக்கு வந்தார். அவருக்குச் சொந்தமாக இரண்டு லாரி. ஞானராஜ் கேட்டான், அண்ணாச்சி, நீங்க ஓனரா டிரைவரா என்று. "டிரைவர் வந்தா ஓனரு. வராட்டி நாந்தான் டிரைவரு" என்றார் அவர், வடையைப் பிட்டுக்கொண்டே.

"இவரை எந்தக் கிளையிலலே தொங்கவிடுவ?" என்று என்னைப் பார்த்துக் கேட்டான். ஒரு மனுஷன் பார்க்கிற வேலையை அவன் பிறவியாக எழுதிவிட்டால் நாளைக்கு அதை மாற்ற முடியாது. தொடங்குகிறவனுக்கு முதலில் சொல்ல வேண்டிய இந்த எச்சரிக்கையை அந்தப் புத்தகம் கடைசி வரை சொல்லவே இல்லை என்று பக்கத்தைப் புரட்டிக் காட்டினான். டீக்கடையில் நிற்கவில்லை என்பதற்காகப் புத்தகத்தைத் தள்ளுவதா என்று வீம்புக்கு ஒரு வாரம் வாதாடினேன். எனக்கும் தெரியும் அவன் சொல்வது சரியென்று. உடனே ஒத்துக்கொண்டால் அந்த வாரம் பேச என்ன இருக்கிறது?

அதைத்தான் சொல்ல வருகிறேன். என் மனைவி, மகள் வீட்டுப் பேரனைப் பார்த்துக்கொள்ளச் சென்னைக்குப் போய் வருஷங்கள் ஆகின்றன. வீட்டுக்கு வந்து கதவைத் திறந்தால் நானும் ஃபேனும்தான். சாப்பிட்டு முடித்ததும் ஞானராஜுக்குப் போன் போடுவேன். சௌக்கியமா என்று அவனும் கேட்டதில்லை, நானும் கேட்டதில்லை. அந்தப் புஸ்தகத்துல நாலாவது அத்தியாயம் பாத்தியா, ஆளு சொதப்பியிருக்கான் என்று தொடங்குவான். ஒன்பது மணி வரைக்கும் சண்டை. பிறகு எனக்கு நல்ல தூக்கம் வரும்.

இந்தக் கோடையில் மேசைக்கு வந்தவற்றில் கடைசியாக இரண்டு மிஞ்சின. என்னுடையது ஒல்லியான புத்தகம். கருத்தை முதலில் சொல்லி, அதற்குத் துப்புரவான ஓர் எடுத்துக்காட்டு, அதன் பிறகு பயிற்சி. இடறவே வழியில்லை. அவனுடையது குண்டு. அதை எழுதியவர் மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு கடைக்கான நிரலைத் தப்பும் தவறுமாக எழுதுகிறார். பிறகு கடை வளர வளர அது திணறுவதைக் காட்டி, எட்டாம் அத்தியாயத்தில் பிரித்துப் போட்டுத் திருத்துகிறார். நம் பிள்ளைகள் மூன்றாம் அத்தியாயத்தோடு நின்றுவிடுவார்கள், தப்பைத்தான் பரீட்சையில் எழுதி வைப்பார்கள் என்பது என் வாதம். "முத அத்தியாயம் எவனும் நல்லாத்தான் எழுதுவான். பாதிக்கு மேல போயி, தான் எழுதுனதைத் தானே மாத்துறானான்னு பாரு. அதை ஒருத்தன் செஞ்சு காட்டாம பிள்ளைக எப்பிடிலே கத்துக்கும்?" என்பது அவன் கட்சி. வெள்ளிக்கிழமை பஸ் படியில் நின்று அவன் திட்டியது இதற்குத்தான். அவன் புத்தகத்தை முழுசாகப் படிக்காமலே பேசுகிறேனாம். அந்த ரோஷத்தில்தான் இரண்டு இரவும் போன் போடாமல், சனிக்கிழமை முழுக்கப் படித்து, ஞாயிற்றுக்கிழமை எட்டாம் அத்தியாயத்துக்கு வந்தேன்.

அடக்கம் முடிந்து ஒரு வாரம் கழித்துத் திருச்சுழிக்குப் போனேன். சுகந்தி காபி போட்டுக் கொடுத்துவிட்டு, உள்ளேயிருந்து குண்டுப் புத்தகத்தின் இன்னொரு பிரதியை எடுத்து வந்தார். "இத நீங்களே கொண்டுபோயிருங்கண்ணே. ராத்திரி படுக்கப் போறவரைக்கும் இதத்தான் வச்சுக்கிட்டு இருந்தாக. லிங்கத்துக்கு இருக்கு சோமவாரம்னு சிரிச்சாக" என்றார். லிங்கம் என்றது என்னை, சோமவாரம் என்றது திங்கட்கிழமையை. என்னை மடக்க என்ன கண்டுபிடித்தான் என்று கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. வெளியே வந்து பஸ் நிறுத்தத்தில் நின்றபடி ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினேன். ஒரு கோடு இல்லை, மடிப்பு இல்லை. புத்தகத்தில் கிறுக்குவது அவனுக்கு ஆகாது. அடுத்து படிக்கிறவன் மூளையில் கிறுக்குவது மாதிரி என்பான். எட்டாம் அத்தியாயம் ஓடாது என்பது அவனுக்குத் தெரியுமா, தெரிந்து அதற்கொரு பதிலும் வைத்திருந்தானா, இனி எனக்குத் தெரியப்போவதில்லை. பஸ் வந்தது, நான் ஏறவில்லை. நிறுத்தத்தில் உட்கார்ந்து அழுதேன். அடுத்த பஸ்ஸுக்குத்தான் எழுந்தேன்.

கல்லூரி திறந்ததும் துறைத்தலைவர் கூப்பிட்டுப் புத்தகத்தின் பெயரைக் கேட்டார். இரண்டும் இழுபறியில் நிற்கின்றன என்றேன். அவர் நல்ல மனுஷர். நான் ஒடிந்து போயிருக்கிறேன் என்று பார்த்துப் பக்குவமாகத்தான் சொன்னார்: "உங்க இஷ்டம் சார். இனிமே யாரும் மறுத்துப் பேச மாட்டாங்க."

ஞானராஜ் இடத்துக்கு வந்திருக்கும் தம்பியிடம் இரண்டு புத்தகங்களையும் கொடுத்தேன். படித்துவிட்டு ஏதாவது குறை சொல்லுங்கள் என்றேன். கெஞ்சினேன் என்றே வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு நாள் கழித்து வந்து, "ரெண்டுமே நல்லாருக்கு சார், நீங்க எது சொன்னாலும் சரி" என்றார். மரியாதை தெரிந்த பிள்ளை. அவரைச் சொல்லிக் குற்றமில்லை. ஆனால் அந்த இரவு சாப்பிட்டு முடித்ததும் வீட்டில் இருந்த நிசப்தம் அடக்கத்தன்று கூட இருந்ததில்லை.

மறுநாள் குண்டுப் புத்தகத்தின் பெயரை எழுதிக் கொடுத்தேன். ஞானராஜ் சாருக்கு நீங்கள் செய்யும் மரியாதை என்று துறைத்தலைவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். மண்ணாங்கட்டி மரியாதை. செத்தவன் என்று இரக்கப்பட்டு அவன் புத்தகத்தை எடுத்தேன் என்று தெரிந்தால் அவன் என்னை மதிப்பானா? அந்தப் புத்தகம் எனக்கு இப்போதும் பிடிக்கவில்லை. என் ஒல்லிப் புத்தகம்தான் மேல் என்று இப்போதும் சொல்வேன். ஆனால் அதை எடுத்தால் வேண்டாம் என்று சொல்ல இந்த வட்டாரத்தில் ஓர் ஆள் இல்லை. அவன் புத்தகத்தை எடுத்தால், வேண்டாம் என்று சொல்ல நான் ஒருவன் இருக்கிறேன்.

இந்த வாரம் முதல் அலகு நடத்துகிறேன். புத்தகத்தில் இல்லாததை ஒரு வரி கூடச் சொல்லவில்லை. ஓட்டை வருகிற இடத்தில் வாய் பரபரக்கிறது, அடக்கிக்கொள்கிறேன். நேற்று மூன்றாம் அத்தியாயத்தின் தப்பான நிரலைப் பலகையில் எழுதியதும், பந்தல்குடிப் பிள்ளை ஒருத்தி, "நாளைக்குக் கடை பெருசானா இது நிக்காதே சார்" என்றாள். வகுப்பு மொத்தமும் அவளைத் திரும்பிப் பார்த்தது. புத்தகம் தேறிவிட்டது, ஞானராஜ் ஜெயித்துவிட்டான்.

அவனிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொண்டிருப்பது அந்தச் சட்டம் ஒன்றுதான். பாதிச் சட்டம் என்று சொல்ல வேண்டும். எதிர்த்தவன் பலகைக்கு முன்னால் நிற்கிறேன். கடைசி பெஞ்சில் வாயை மூடிக்கொண்டு உட்கார ஆள் இல்லை.