ஒரே டப்பாவில் இரண்டு மருந்து

அன்றைக்கு மாதம்மாள் செக்கப்புக்கு வரவில்லை. ராகி அறுப்பு நடந்துகொண்டிருந்தது, வரமாட்டாள் என்று தெரியும். நானே அவள் ஊர் கம்பைநல்லூருக்கு பஸ் ஏறினேன். கிளினிக்கல் ட்ரயலில், அதாவது மருந்தைச் சோதித்துப் பார்க்கும் ஆய்வில், ஒரு விசிட் தவறினால் கோஆர்டினேட்டருக்குச் சோறு இறங்காது. எங்கள் ஆஸ்பத்திரியில் அந்தக் கோஆர்டினேட்டர் நான்தான். அதற்கு முன் பல வருஷம் அங்கேயே ஸ்டாஃப் நர்ஸாக இருந்தேன்.

ட்ரயல் இதுதான். ரத்தசோகை உள்ள பெண்களுக்கு வழக்கமான இரும்புச்சத்து மாத்திரை நல்லதா, புதிதாக வந்த மாத்திரை நல்லதா? யாருக்கு எது என்பதைக் கம்ப்யூட்டர் குலுக்கல் போட்டு முடிவு செய்யும். ராண்டமைசேஷன் என்பது அதுதான். இரண்டு மாத்திரையும் பார்வைக்கு ஒன்றுபோல இருக்கும். பாட்டிலில் நம்பர் மட்டும் இருக்கும். எது எந்த மருந்து என்று நோயாளிக்கும் தெரியாது, டாக்டருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. ஆறு மாதம் கழித்து எந்தக் குழுவுக்கு ரத்தம் நன்றாக ஏறியிருக்கிறது என்று பார்ப்போம்.

இந்த வேலையில் நான் கெட்டிக்காரி. எனக்கு அடக்கமாகப் பேச வராது, மன்னிக்கவும். மற்ற ஆஸ்பத்திரிகள் ஆள் சேர்க்கத் திணறிக்கொண்டிருந்தபோது நான் சேர்த்தே முடித்துவிட்டேன். ஒரு வீட்டுக்குள் போனால் ஒருத்தியோடு திரும்ப மாட்டேன். ஓரகத்தி, நாத்தனார் என்று தகுதியுள்ள எல்லாரையும் சேர்த்துவிட்டுத்தான் வெளியே வருவேன். பில் கவுன்ட், அதாவது மாத்திரைக் கணக்கும் பிசகாது. மாதம் முப்பத்தைந்து மாத்திரை கொடுப்போம், திரும்பி வரும் பாட்டிலில் மீதியை எண்ணுவோம். ஒரே வீட்டுப் பெண்கள் இருவர் பாட்டிலிலும் மீதி ஒரே எண்ணிக்கையில் இருக்கும். சரிபார்க்க வரும் மானிட்டர்கூடப் பாராட்டிவிட்டுப் போனார். நானும் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன்.

மாதம்மாள் வீட்டில் அவளும் அவள் ஓரகத்தி சகுந்தலாவும் ட்ரயலில் இருந்தார்கள். புருஷன்மார் அண்ணன் தம்பி, சமையல் ஒன்றாகத்தான். நான் போனபோது இருவரும் அப்போதுதான் கையைக் கழுவிக்கொண்டு சாப்பிட உட்கார்ந்திருந்தார்கள். சாப்பிட்டு முடித்ததும் சகுந்தலா புளிப் பானைக்குப் பக்கத்திலிருந்து ஒரு எவர்சில்வர் டப்பாவை எடுத்தாள். தனக்கு ஒரு மாத்திரை எடுத்தாள், மாதம்மாளுக்கு ஒன்று கொடுத்தாள்.

டப்பாவை வாங்கிப் பார்த்தேன், மாத்திரைகள் மொத்தமாகக் கிடந்தன.

“பாட்டில் எங்கம்மா?”

“பீரோ மேல பத்திரமா இருக்குதுங்க நர்சம்மா. நீங்க வரச் சொல்ற அன்னிக்கு, மீதி இருக்கறத ரெண்டு பாட்டில்லயும் சமமா பிரிச்சுப் போட்டு எடுத்தாருவோம்.”

“அவங்கவங்க மாத்திரைய வேற யாருக்கும் குடுக்கக்கூடாதுன்னு படிச்சுக் காட்டினேனே!”

“யாருக்குங்க குடுத்தோம்?” என்றாள் மாதம்மாள், நியாயமான கோபத்தோடு. “எது நல்ல மாத்திரைன்னு எங்களுக்கே தெரியாதுன்னு நீங்கதான சொன்னீங்க? ஒரே வூட்டுல ஒருத்திக்கு நல்லதும் ஒருத்திக்கு மட்டமும்னா நல்லாவாங்க இருக்கும்? அதான் கலந்துட்டோம். ஆளுக்குப் பாதி நல்லது கெடைக்குமில்ல.”

என்னால் திட்ட முடியவில்லை. சம்மதக் கையெழுத்து வாங்கும்போது நான் சொன்னதை இவர்கள் அளவுக்கு யாரும் கவனமாகக் கேட்டதில்லை. கேட்டு, தங்கள் குடும்ப நியாயப்படி ஒரு முடிவும் எடுத்திருக்கிறார்கள்.

ஆஸ்பத்திரிக்குத் திரும்பி, ட்ரயலுக்குப் பொறுப்பான டாக்டரிடம் சொன்னேன். நல்ல மனிதர்தான். ஆனால் மறுவாரம் மானிட்டர் வர இருந்தார்.

“ரெண்டு பேர்தானே சிஸ்டர்? டப்பாவைப் பிரிச்சு வெச்சிட்டா இனிமே சரியாயிடுமில்ல?”

“இனிமே சரியாயிடும் சார். இதுவரைக்கும் தின்னது? நம்ம லிஸ்ட்ல இந்த மாதிரி வூடு இன்னும் எத்தனையோ இருக்கு. எல்லாம் நான் சேத்ததுதான்.”

மருந்து கலந்துவிட்டால் இரண்டு குழுவுக்கும் ரத்தம் ஏறக்குறைய ஒரே அளவு ஏறும். புது மாத்திரை உண்மையிலேயே நல்லதாக இருந்தாலும், ‘வித்தியாசம் இல்லை’ என்று எழுதி மூடிவிடுவார்கள். மாதம்மாள் களை வெட்டும்போது மயங்கி விழுந்து ஆஸ்பத்திரிக்கு வந்தவள். அவளைப் போன்றவர்களுக்குக் கிடைக்க வேண்டிய மருந்து, என் கெட்டிக்காரத்தனத்தால் கிடைக்காமல் போகும். இதை டாக்டரிடம் அப்படியே சொன்னேன். அவர் பேனாவை மூடி வைத்தார். பிறகு, “எல்லா வீட்டையும் பாத்துட்டு வாங்க. இருக்கறத இருக்கறபடி எழுதிடலாம்” என்றார்.

பார்த்தேன். பொம்மிடிப் பக்கமும் அதே கதைதான். ஒன்றிரண்டு அல்ல, பாதிக்கு மேற்பட்ட வீடுகளில் மாத்திரை கலந்திருந்தது. ஒரு வீட்டில் டப்பா, ஒரு வீட்டில் ஹார்லிக்ஸ் பாட்டில், அவ்வளவுதான் வித்தியாசம். ஒவ்வொன்றுக்கும், ட்ரயல் விதி மீறப்பட்டது என்று புரோட்டோகால் டீவியேஷன் ரிப்போர்ட் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். காரணம் என்ற கட்டத்தில், ‘ஒரே வீட்டில் பலரைச் சேர்த்தது கோஆர்டினேட்டரின் தவறு’ என்று எழுதினேன். எங்கள் ஆஸ்பத்திரியில் ட்ரயலை நிறுத்திவிட்டார்கள். உத்தரவு வந்த அன்று பஸ்ஸில் வாய்விட்டு அழுதேன். பக்கத்து சீட்டுக்காரர் யாரோ இறந்துவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டு தண்ணீர் பாட்டிலை நீட்டினார். வேலை போய்விடும் என்றுதான் நானும் நினைத்தேன்.

போகவில்லை. சில மாதம் கழித்து அதே மாத்திரைக்குப் புது ட்ரயல் திட்டமிட்டபோது டாக்டர் என்னையும் மீட்டிங்கில் உட்கார வைத்தார். இந்த முறை ஆளுக்கு ஆள் குலுக்கல் கிடையாது, வீட்டுக்கு வீடு குலுக்கல் என்று முடிவானது. ஒரு வீட்டில் எத்தனை பேர் இருந்தாலும் ஒரே மருந்துதான். யோசனை என்னுடையது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. ட்ரயல் விதிகளான புரோட்டோகால் அச்சுக்குப் போவதற்குமுன், மாதம்மாள் வீட்டுக்கே போய் நல்ல செய்தியைச் சொன்னேன்.

சகுந்தலா யோசித்தாள். “எதிர் வூட்டு முனியம்மாவும் சேருவாளே, அவளுக்கும் இதே மருந்துதானுங்களா?”

“இல்லம்மா, அவங்களுக்கு வேறயா இருக்கலாம்.”

“அதெப்படிங்க சரிப்படும்? நாங்க ஒண்ணாதான் வேலைக்குப் போறோம். மத்தியானம் சாப்புட்டதும் எனக்கு மாத்திரை மறந்துட்டா அவதான் அவளுதுல ஒண்ணு குடுப்பா. அவளுக்கு மறந்தா நான்.”

அங்கேயே நின்று டாக்டருக்கு போன் போட்டேன். “சார், பிரிண்ட்டுக்கு அனுப்பிடாதீங்க. வூட்டுக்கு வூடு பத்தாது. ஊருக்கு ஊரு குலுக்கணும்.”

அப்படித்தான் அந்த ட்ரயல் நடந்தது, சுத்தமாகவும் முடிந்தது. ஆனால் இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்களுக்கு நான் சொல்வது ட்ரயல் முடிந்த கதையை அல்ல. போனை வைத்ததும் மாதம்மாள் கேட்டதைத்தான் சொல்வேன்.

“இத மொதல்லயே எங்கள ஒரு வார்த்த கேட்டிருந்தா சொல்லியிருப்போமில்லீங்க?”