இரும்பு செய்யாத வேலை

மாணவர்கள் அவருக்கு வைத்த பெயர் 'துரு'. முகத்துக்கு நேரே சார், முதுகுக்குப் பின்னால் துரு. அவருக்கும் அது தெரியும். முப்பது ஆண்டுகள் இரும்புச் சேர்மங்களோடு மல்லுக்கட்டிய கனிம வேதியியல்காரனுக்கு வேறென்ன பெயர் வைப்பார்கள் என்று மனைவியிடம் சொல்லிச் சிரிப்பார்.

அவரைப் பேராசிரியர் ஆக்கியது ஒரே ஒரு கட்டுரை. விலையுயர்ந்த உலோகமான பல்லேடியம் வினையூக்கியாகச் செய்கிற வேலையை மலிவான இரும்பே செய்துவிடும் என்று அதில் காட்டியிருந்தார். அந்தச் சோதனையை நம்பி ஆய்வுப் பட்டத்துக்குச் சேர்ந்த பெண்ணுக்கு மூன்று ஆண்டுகளில் அது ஒருமுறைகூட வாய்க்கவில்லை. 'கைத்திறன் போதாது' என்று அறிக்கை எழுதிக் கையெழுத்துப் போட்டவர் துருதான். வியாழக்கிழமை குழு கூடி அவளது பதிவை ரத்து செய்வதாக இருந்தது. மேலே இருப்பவரின் பிழை, முதலில் கீழே இருப்பவரின் தகுதிக் குறைவாகத்தான் எழுதப்படுகிறது. அறிவியல் நடக்கும் கட்டடத்திலும் அப்படித்தான்.

திங்கட்கிழமை காலை அவள் ஆய்வகத்தில் அவர் முன்னால் வந்து நின்றாள்.

"சார், ஒரே ஒரு தடவை நீங்களே செஞ்சு காட்டுங்க. அப்புறம் நான் மூட்டை கட்டிடறேன்."

செய்தார். மாலைக்குள் விளைபொருள் வந்துவிட்டது.

"பாத்தியாம்மா?"

"பாத்தேன் சார். மருந்து, குடுவை, சூடு எல்லாம் ஒண்ணுதான். கலக்கிவிட உள்ள சுத்துற மேக்னெட் மட்டும் வேற. உங்களோடது கிழடு. நாளைக்கு என்னோடதப் போட்டுச் செய்யுங்க."

"கிழடுன்னு மேக்னெட்டைத்தானே சொன்னே?"

"இப்போதைக்கு மேக்னெட்டைத்தான் சார்."

செவ்வாய்க்கிழமை அவளது புதுக் காந்தத்தைப் போட்டார். ஒன்றும் நடக்கவில்லை. பக்கத்து மேசையில் அவள் பழையதைப் போட்டாள், இரும்பே சேர்க்காமல். விளைபொருள் வந்தது.

துரு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். அவருக்கு முன் அதே மேசையில் பல்லேடியத்தோடு வேலை பார்த்தவர் விட்டுப்போன காந்தம் அது. வெள்ளைப் பூச்சின் கீறல்களில் ஒட்டியிருந்த துளி பல்லேடியம்தான் இத்தனை காலமும் உழைத்திருக்கிறது. கழுவினால் போகும் என்று நம்பியது பிழை. இரும்பில்லாமல் ஒருமுறை செய்து பார்க்காதது அதைவிடப் பெரிய பிழை.

விஷயத்தைக் கேட்ட துறைத்தலைவர் கதவைச் சாத்திவிட்டுப் பேசினார்.

"ரிட்டயர் ஆக ரெண்டு வருஷம் இருக்கு. எதுக்கு வீண் வம்பு? அந்தப் பொண்ணுக்கு வேற தலைப்பு குடுத்துடலாம்."

"மூணு வருஷம் கழிச்சு வேற தலைப்பா? அவ கை சரியில்லைன்னு எழுதினேன். சரியில்லாதது என் கட்டுரை."

வியாழக்கிழமை குழுவின் முன் இரண்டு கடிதங்களை வாசித்தார். ஒன்று, கட்டுரையைத் திரும்பப் பெறுவதாக ஆய்விதழுக்கு. மற்றொன்று, அவள்மீது எழுதிய அறிக்கையைத் திரும்பப் பெறுவதாகக் குழுவுக்கு. குழுவில் ஒருவர் அவளைக் கூப்பிடச் சொன்னார்.

நடைவழி பெஞ்சில் இருந்தவள் அவரைக் கண்டதும் எழுந்தாள்.

"என் பதிவு சார்?"

"பத்திரமா இருக்கு. உள்ள போ, உன்கிட்ட கேக்கணுமாம்."

"என்னத்தை?"

"நான் எப்படித் தப்பு பண்ணினேன்னு. கூச்சப்படாம, விவரமா சொல்லு."

அவள் உள்ளே போனதும், அவள் இருந்த இடத்தில் உட்கார்ந்து காத்திருந்தார்.