கண்ணால் சத்தம் வெட்டிய தெக்லா

தெக்லா நோவாக்குக்குக் கையைக் கட்டிக்கொண்டு சும்மா இருக்கத் தெரியாது. பெர்லினில் ஊமைப்படக் காலத்தில், பதினேழு வயதில் படச்சுருள் ஒட்ட வந்தவள், நாலே வருஷத்தில் படம் வெட்டித் தொகுக்கும் கத்தரியைக் கையில் வாங்கிவிட்டாள். சுருளைச் சன்னல் வெளிச்சத்தில் பிடித்து, நடிகரின் உதட்டைப் பார்த்தே எங்கே வெட்டலாம் என்று சொல்வாள். திரையில் வசனம் எழுதிய அட்டை வருமுன்பே வசனம் அவளுக்குத் தெரிந்துவிடும்.

பிறகு வந்தது பேசும்படம். வந்ததே வந்தது, நல்ல நேரம் பார்த்தா வந்தது? அதே வருஷம்தான் அவள் காது மந்தமாகி, சுத்தமாக அடைத்தும் போனது. வெளியே சொன்னால் வேலை போச்சு. ஊரில் பாதிப் பேர் வேலை தேடி வரிசையில் நிற்கிறார்கள். காது கேட்காதவளிடம் பேசும்படத்தை வெட்டக் கொடுப்பவன் எவன்?

சும்மா இருப்பாளா அவள்! சத்தம் பதிந்த தனிச்சுருளைப் பூதக்கண்ணாடியில் படிக்கக் கற்றுக்கொண்டாள். "ஸ்" என்றால் மயிரிழைக் கோடுகள், "ஓ" என்றால் தடித்த கோடுகள். ஆட்களின் பேச்சுக்கு உதடு இருக்கவே இருக்கிறது. ஐந்து படங்களை இப்படியே முடித்தாள்.

ஒலிப்பதிவாளன் ப்ரில்லுக்கு மட்டும் சந்தேகம். பின்னாலிருந்து மூன்று தரம் கூப்பிட்டும் அவள் திரும்பவில்லை. அடுத்த திங்கட்கிழமை காலையில், முதலாளி லோமையரையும் தெக்லாவையும் உட்காரவைத்து, புதுப்படத்தின் ஒரு காட்சியைத் திரையில் ஓட்டினான். முடிந்து விளக்கு எரிந்ததும் அவள் எதிரே வந்து கேட்டான்.

"சத்தம் எப்படி இருக்கு அம்மணி?"

குறை சொன்னால்தான் நம்புவார்கள் என்று நினைத்தாள் தெக்லா. "நல்லாத்தான் இருக்கு. அந்தப் பொண்ணு 'வராதே'ங்கிற இடத்துல மட்டும் கொஞ்சம் தூக்கல். இறக்கிடுங்க."

ப்ரில் தொடையைத் தட்டிச் சிரித்தான். "கேட்டீங்களா முதலாளி! நான் ஒலிபெருக்கியைப் போடவே இல்ல!"

உதட்டைப் படித்தே மாட்டிக்கொண்டாளே! லோமையர் எழுந்து அவள் முகத்துக்கு நேரே வந்து நின்றார்.

"எத்தனை நாளா இப்படி?"

"ரெண்டு வருஷமா."

"அப்ப அந்த அஞ்சு படம்?"

"எல்லாம் கண்ணாலதான் வெட்டினேன். ஒண்ணுலயாவது வாய் ஒரு பக்கம், குரல் ஒரு பக்கம் போச்சா? நீங்களே சொல்லுங்க!"

லோமையர் தாடையைச் சொறிந்தார். "போகலதான்." ப்ரில்லின் சிரிப்பு அடங்கிவிட்டது. முதலாளி தொடர்ந்தார்: "ஆனா இது பத்திரிகைக்காரன் காதுக்குப் போச்சுன்னா நாறடிச்சிடுவான். வேலையில இருங்க. படத்துல மட்டும் இனிமே உங்க பேர் வேண்டாம். எடிட்டிங் ப்ரில்னு போட்டுக்கலாம்."

"இவன் பேரா? கத்தரியை எந்தப் பக்கம் பிடிக்கணும்னாவது இவனுக்குத் தெரியுமா?"

"காது இருக்கே."

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பதினாறு வருஷ உழைப்பை இந்தத் தடியனுக்குத் தாரைவார்ப்பதா? கதவை அறைந்துவிட்டுப் போய்விடலாம். போனால் நாளைக் காலையில் இந்தக் கைகளை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

"சரி. ஆனா என் அறைக்குள்ள இவன் கால் வைக்கக் கூடாது" என்றாள்.

அறைக்குப் போய்ப் பூதக்கண்ணாடியைக் கண்ணருகே வைத்தாள். கோடுகளெல்லாம் கலங்கித் தெரிந்தன. அழக்கூட முடியாத பிழைப்பாகிவிட்டதே என்று வந்த ஆத்திரத்தில் கண்களை அழுத்தித் துடைத்துவிட்டு, ப்ரில் பெயரில் வரப்போகும் படத்தின் முதல் சுருளைப் பிரித்தாள்.