இன்னொரு முறை என்றால்

இது நடந்தது. எங்கோ, யாருக்கோ என்று கையைக் காட்டிவிட்டுத் தப்பவும் முடியாது. போன ஜூன் மாதம், ஒக்லண்ட் நகரின் மங்கரேப் பகுதியில், விமானங்கள் கூரைகளை உரசுவதுபோலத் தாழ்ந்து இறங்கும் ஒரு தெருவில், பிரசாந்திக்கு நடந்தது. அவளைத் தெரிந்தவர்கள் ஒக்லண்டில் நிறையப் பேர் இருக்கிறார்கள். வேண்டுமானால் அவளையே கேட்டுப் பாருங்கள். வேறு எதைக் கேட்டாலும் பதில் சொல்வாள். அந்தப் பாட்டைப் பற்றிக் கேட்டால் எழுந்து போய்விடுவாள்.

பிரசாந்திக்கு நாற்பத்திரண்டு வயது. யாழ்ப்பாணத்துக் கிறிஸ்தவக் குடும்பம். வெலிங்டனில் பன்னிரண்டு வருஷம் குடித்தனம் நடத்திய புருஷன், அவளுடைய சிநேகிதியோடு போய்விட்டான். சண்டை இல்லை, சத்தம் இல்லை. ஒருநாள் வேலை முடிந்து வந்தபோது அலுமாரியில் அவனுடைய சட்டைகள் இல்லை. அவ்வளவுதான். அந்த ஊரின் காற்றே வேண்டாம் என்று அவள் ஒக்லண்டுக்கு வந்தாள். விமான நிலையத்துக்குப் பக்கத்தில் சரக்குக் கிடங்கில் வேலை கிடைத்தது. ஒடாஹுஹுவில் ஒரு சின்ன ஃப்ளாட். ஞாயிற்றுக்கிழமைகளில் தமிழ்ச் சபை. அங்கே பாடகர் குழுவில் நின்றபோதுதான் செபஸ்ரியனின் கண்ணில் பட்டாள்.

செபஸ்ரியன் வீடுகளுக்கு வயரிங் செய்கிறவன். ஐம்பதை நெருங்கினாலும் ஆள் பார்க்க நன்றாக இருப்பான். கிட்டாரை எடுத்தால் இன்னும் நன்றாக இருப்பான். நெடுஞ்சாலையும் மழையும் உடைந்த மனசும் வருகிற கன்ட்ரி பாட்டுகளில் அவனுக்குப் பைத்தியம். அதே மெட்டுப் போக்கில் தமிழில் தானே ஒரு பாட்டுக் கட்டியிருந்தான். ஆணும் பெண்ணும் சேர்ந்து பாடுவது. ஒருமுறை காதலித்து நொந்துபோன இரண்டு பேர், பயந்து பயந்து மறுபடி காதலிப்பதுதான் பாட்டு.

'உடைந்ததை ஒட்டினேன், தழும்பு தெரியுதே' என்று அவன் தொடங்குவான். 'தழும்பைத் தடவியே நானும் வந்தேனே' என்று பெண் எடுக்க வேண்டும். கடைசியில் இருவரும் சேர்ந்து, 'இன்னொரு முறை என்றால் உன்னோடுதான்.'

சபையின் கார் நிறுத்துமிடத்தில், தூறலில் நின்றுகொண்டு, அவளுக்கு அதை மெல்லப் பாடிக் காட்டினான்.

"என்ர மனிசி விட்டிட்டுப் போய் ஒன்பது வருஷம். அதுக்குப் பிறகு இதை ஒருத்தரோடயும் பாட மனம் வரேல்லை," என்றான். "உம்மட குரலைக் கேட்டாப் பிறகுதான் ஆசை வந்தது."

பிரசாந்தி அன்றிரவு அழுதாள். துக்கத்தில் அல்ல. தன்னை யாரும் இனி எதற்கும் கேட்கமாட்டார்கள் என்று முடிவுகட்டி வைத்திருந்தவள் அவள்.

ஜூன் கடைசியில் சபையின் குளிர்கால விருந்து. அங்கே அந்தப் பாட்டைப் பாடுவது, பாடி முடித்ததும் கலியாணச் செய்தியைச் சொல்வது என்று இருவரும் பேசி வைத்தார்கள். செவ்வாயும் வியாழனும், வேலை விட்டதும், அவன் வீட்டுப் பின்பக்கக் கராஜில் பயிற்சி. அந்த நாட்டில் ஜூன் குளிர்காலம் என்பதால் ஐந்தரைக்கே இருட்டிவிடும். சுவர்களில் பழைய கம்பளங்கள் அடித்திருந்தான். ஒரு சின்ன ஹீட்டர். இரண்டு மைக். விமானம் இறங்கும்போது பாட்டை நிறுத்திவிட்டு, சத்தம் அடங்கியதும் தொடருவார்கள்.

முதல் வாரம் ஒன்றும் இல்லை.

இரண்டாவது செவ்வாய்க்கிழமை, அவள் தன் வரியைத் தொடங்க வாய் திறந்தபோது, அவளுக்கு முன்னால் யாரோ மூச்சு எடுத்தார்கள். பாடுவதற்கு முன் எடுப்போமே, அந்த மூச்சு. மைக்குக்கு மிக அருகில். ஹீட்டராக இருக்கும் என்று நினைத்தாள். அடுத்த வியாழன் அவளே ஹீட்டரை அணைத்துவிட்டுப் பாடினாள். குளிரில் விரல் விறைத்தது. மூச்சு வந்தது.

அன்று பாடியதை ஃபோனில் பதிவுசெய்திருந்தாள். வீட்டுக்குப் போகும் வழியில், சிவப்பு விளக்கில் நின்றபோது காரில் போட்டுக் கேட்டாள். அவன் குரல். அவள் குரல். சேர்ந்து பாடும் இடத்தில்... இன்னொன்று. மெல்லியது. அவள் சுருதிக்கு மேலே, நூல் பிடித்ததுபோல. பின்னால் வந்த கார்கள் ஹோர்ன் அடித்த பிறகுதான் விளக்குப் பச்சையானதை அவள் பார்த்தாள்.

அடுத்த செவ்வாய் அதை அவனுக்குப் போட்டுக் காட்டினாள். அவன் முழுதாகக் கேட்கவில்லை. நடுவில் ஃபோனை வாங்கி நிறுத்திவிட்டான்.

"கராஜுக்குள்ள எக்கோ. வேற ஒண்டுமில்லை."

"எக்கோ எனக்கு முந்தி மூச்சு எடுக்குமே?"

"தேத்தண்ணி போட்டுக்கொண்டு வாறன்," என்று எழுந்து வீட்டுக்குள் போனான்.

அவள் தனியே நின்றாள். தகரக் கதவு பாதி இறங்கியிருந்தது. வெளியே தெருவிளக்கின் மஞ்சள். அவள் சும்மா தன் வரியைப் பாடிப் பார்த்தாள். 'தழும்பைத் தடவியே' என்றதும் மூச்சு வாங்கினாள்.

"அந்த இடத்தில மூச்சு எடுக்காதேயும்."

காதுக்குப் பக்கத்தில். பெண் குரல். கோபமில்லாத, களைத்த குரல்.

"வரி உடையும்."

பிரசாந்தி திரும்பவில்லை. திரும்ப முடியவில்லை. கழுத்தில் ஏதோ சூடாகப் பட்டது. அவள் அசையாமல் நின்றாள். பிறகு, எதற்கு என்று அவளுக்கே தெரியாது, மூச்சு எடுக்காமல் அந்த வரியைப் பாடினாள்.

வரி உடையவில்லை. அவ்வளவு அழகாக அதை அவள் அதற்குமுன் பாடியதே இல்லை.

செபஸ்ரியன் கோப்பைகளோடு உள்ளே வந்தான். அவள் முகத்தைப் பார்த்தான். ஒன்றும் கேட்கவில்லை. அதுதான் அவளுக்கு உறுத்தியது. பேயறைந்ததுபோல நிற்கிறவளை ஏன், என்ன என்று ஒரு வார்த்தை கேட்கமாட்டானா?

வியாழக்கிழமை போகக்கூடாது என்று நினைத்தாள். போனாள். விருந்துக்கு ஒன்பது நாள்தான் இருந்தது. நாற்பத்திரண்டு வயதில் கிடைத்ததை ஒரு சத்தத்துக்குப் பயந்து விடுவதா?

அவன் கிட்டாரை மீட்டினான்.

அவள் தொடங்கினாள்.

மூச்சு... வந்தது.

இந்த முறை குரல் மறைந்து நிற்கவில்லை. அவளுடைய ஒவ்வொரு வரியையும் அவளுக்கு ஒரு கணம் முன்னால் பாடியது. பழக்கப்பட்ட பாட்டைப் பாடுவதுபோல. பிரசாந்தி வாயை மூடினாள். குரல் நிற்கவில்லை.

செபஸ்ரியனின் விரல்களும் நிற்கவில்லை. முகம் வியர்த்திருந்தது. அந்தக் குளிரில்.

'இன்னொரு முறை என்றால்...'

குரல் இழுத்தது.

'...யாரோடுதான்?'

கிட்டார் நின்றது.

"எமிலி," என்றான் அவன். தரையைப் பார்த்துக்கொண்டு. "காணும், நிப்பாட்டும்."

சத்தம் இல்லை.

ஒரு விமானம் போனது.

"ஆர் எமிலி?"

"ஒருத்தருமில்லை."

"பேர் சொல்லிக் கூப்பிட்டனீங்கள்."

"அது முடிஞ்ச கதை, பிரசாந்தி. நீர் உம்மட பாட்டைப் பாடும்."

அவள் கோட்டை எடுத்தாள். தகரக் கதவின் கீழே குனிந்து வெளியே வந்தாள். பின்னால் அவன் கூப்பிட்டானா என்று அவளுக்கு ஞாபகமில்லை. மூச்சுச் சத்தம் மட்டும் கார்வரைக்கும் கூடவே வந்தது.

கிடங்கில் அவளோடு வேலை செய்கிற இராசமலர் அதே சபைக்குப் பல வருஷமாகப் போகிறவள். அடுத்த வாரம் சாப்பாட்டு அறையில் மைக்ரோவேவ் சுற்றிக்கொண்டிருந்தபோது பிரசாந்தி கேட்டாள்.

"மலரக்கா, எமிலி எண்டு ஆர்?"

இராசமலர் கரண்டியைக் கீழே வைத்தாள்.

"செபஸ்ரியன் சொல்லேல்லையே உமக்கு?"

"இல்லை."

"போன வருஷ விருந்தில அவவோடதான் அந்தப் பாட்டைப் பாடினவர். பாடி முடிஞ்சு, கலியாணம் எண்டும் சொன்னவை. பாவம், அவவும் புருஷன் விட்டிட்டுப் போன பிள்ளை. மாசியோட இவர் கதைக்கிறதை நிப்பாட்டிப்போட்டார். என்ன ஏது எண்டு ஒருத்தருக்கும் தெரியாது. நீர் வந்து பாடகர் குழுவில நிண்டது அப்பதான்."

பிரசாந்தி சோற்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஞாயிறுதோறும் அவளைப் பார்த்துச் சிரித்த அத்தனை பேருக்கும் இது தெரிந்திருக்கிறது. கைகொடுத்தவர்கள், கட்டிப்பிடித்தவர்கள், 'நல்ல பொருத்தம்' என்றவர்கள். ஒருவர்கூட வாய் திறக்கவில்லை.

"எப்ப செத்தவ?" என்று கேட்டாள்.

"ஆர் சொன்னது செத்தவ எண்டு?" இராசமலர் அவளை விநோதமாகப் பார்த்தாள். "ஆஸ்பத்திரியில எல்லோ கிடக்கிறா. வைகாசியில காய்ச்சல் வந்து நுரையீரலுக்குப் போயிட்டுது. இன்னும் நினைவு வரேல்லை."

செத்தவளின் குரல் என்றால் மனசு எப்படியோ அதை ஏற்றுக்கொண்டிருக்கும்.

வியாழக்கிழமை வேலை முடிந்ததும் அவள் ஆஸ்பத்திரிக்குப் போனாள். தீவிர சிகிச்சைப் பிரிவின் வாசலில் எமிலியின் தங்கை ஜெனுஷா இருந்தாள். தூங்காத கண்கள். 'சபையிலிருந்து வந்திருக்கிறேன்' என்று மட்டும் பிரசாந்தி சொன்னாள். அதற்கே அந்தப் பெண் அழுதுவிட்டாள். சபையிலிருந்து ஆட்கள் வருவது குறைந்துபோயிருந்தது.

"அவருக்கு எத்தினையோ தரம் ஃபோன் பண்ணினனான், அக்கா. ஒருக்கா வந்து கதைச்சால் அவவுக்குக் கேக்கும் எண்டு கெஞ்சினனான். பாட்டுப் பிராக்டிஸ் இருக்கு எண்டார்."

உள்ளே எமிலி கிடந்தாள். பிரசாந்தியைவிடச் சின்னவளாகத் தெரிந்தாள். தொண்டையில் துளையிட்டுக் குழாய் பொருத்தியிருந்தது. இயந்திரம்தான் மூச்சுவிட்டது. குழாய் வழியாகவே காற்று போய்வருவதால் குரல் வரவே வராது, ஒரு முனகல்கூட வராது என்று டொக்டர் சொன்னாராம்.

"ஆனா சில பின்னேரங்களில வாய் அசையுது," என்றாள் ஜெனுஷா மெதுவாக. "செவ்வாய், வியாழன். அந்த நேரம் நாடி ஏறுது. நர்ஸ்மாரும் பாத்தவை. அது தன்பாட்டில வாற அசைவு, கணக்கெடுக்க வேண்டாம் எண்டீனம்."

பிரசாந்தி யன்னலைப் பார்த்தாள். இருட்டிவிட்டது. இன்று வியாழன். அவள் இங்கே நிற்கிறாள். கராஜில் பாட யாருமில்லை. இன்று வாய் அசையாது.

அசைந்தது.

உலர்ந்த உதடுகள். சத்தமில்லை. மூடிய கண்கள். உதடுகள் குவிந்தன, விரிந்தன. திரையில் எண்கள் ஏறின.

பிரசாந்தி குனிந்தாள். அந்த அசைவு அவளுக்கு மனப்பாடம்.

யா... ரோ... டு... தான்...

அப்படியென்றால்...

இப்போது அந்தக் கராஜில் யாரோ பாடுகிறார்கள்.

அவள் ஜெனுஷாவிடம் ஒன்றும் சொல்லவில்லை. கார் நிறுத்துமிடத்தில் அரைமணி நேரம் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி இருந்தாள்.

சனிக்கிழமை விருந்துக்கு அவள் போகவில்லை. நடந்ததை இராசமலர் சொன்னாள். செபஸ்ரியன் பாடினானாம். இந்த வருஷம்தான் வெஸ்ட்கேட்டிலிருந்து சபைக்கு வரத் தொடங்கிய ஷாமினி என்ற மலேசியத் தமிழ்ப் பெண்ணோடு. பாடகர் குழுவில் பிரசாந்திக்குப் பக்கத்தில் நிற்பவள்; போன வருஷம் விவாகரத்தானவள். வியாழக்கிழமை ஒரே ஒரு நாள்தான் பயிற்சியாம், அதற்கே அவ்வளவு நன்றாகப் பாடினாளாம். எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்களாம்.

மறுநாள் காலை எமிலி இறந்துபோனாள்.

அடக்கத்துக்குப் பிரசாந்தி போனாள். செபஸ்ரியன் வரவில்லை. மலர்வளையம் மட்டும் அனுப்பியிருந்தான். ஜெனுஷா அதை எடுத்துக் குப்பைத் தொட்டிக்குள் போட்டாள். யாரும் தடுக்கவில்லை.

அத்தோடு முடிந்தது என்றுதான் பிரசாந்தி நினைத்தாள். சபையை மாற்றிக்கொண்டாள். பாடுவதை விட்டாள்.

ஜூலை நடுவில், ஒரு செவ்வாய்க்கிழமை மாலை, அவள் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தபோது ஃபோன் அடித்தது. ஷாமினி.

"அக்கா... ஒன்னு கேக்கணும். தப்பா நினைக்காதீங்க."

"சொல்லும்."

"நீங்க அந்தக் கராஜ்ல பாடுறப்ப... வேற யாரும் பாடுனாங்களா?"

பிரசாந்தி கத்தியை வைத்தாள். ஒருவரும் தனக்குச் சொல்லாததை இவளுக்குத் தான் சொல்லாமல் விட்டது அப்போதுதான் நெஞ்சில் குத்தியது.

"இப்பவும் கேக்குதே?"

"ஆமாக்கா. நான் வெளிய ஓடி வந்துட்டேன். கதவுகிட்ட நிக்கிறேன். அவர் உள்ள வாசிச்சுட்டே இருக்காரு, நிறுத்த மாட்டேங்கிறாரு." அவள் பற்கள் அடித்துக்கொண்டன. "ரெண்டு பேர் பாடுறாங்க, அக்கா."

"ரெண்டு பேரோ?"

"ஒரு குரல் யாருன்னு தெரியல. இன்னொன்னு..."

"இன்னொண்டு?"

"உங்க பக்கத்துல நின்னு எத்தனை மாசம் பாடியிருக்கேன். எனக்குத் தெரியாதா?"

பிரசாந்தி ஃபோனைக் காதோடு அழுத்திக்கொண்டாள்.

"அது நீங்கதான், அக்கா. இப்பவும் பாடிட்டு இருக்கீங்க."

ஷாமினி ஃபோனைத் தகரக் கதவுப் பக்கம் நீட்டியிருக்க வேண்டும். கிட்டார் கேட்டது. பிறகு, தெளிவாக, பாட்டு.

பிரசாந்தி தன் உதடுகளில் கையை வைத்துப் பார்த்தாள்.

மூடித்தான் இருந்தன.